19.90 வினாடி: சுவர் செய்த உதவி ஏமாற்று வேலையா?

நான்காம் படிவ மாணவன் ஒருவன், வீட்டில் பார்த்த செய்தியைத் தாளில் எழுதிக்கொண்டு வகுப்புக்கு வந்தான். தாளில் இரண்டு எண்கள். "டீச்சர், 2024 ஆகஸ்டில் பாரிஸ் ஒலிம்பிக்கில் 50 மீட்டர் நீச்சலில் தங்கம் வாங்கியவருக்கு 21.25 வினாடி. டிசம்பரில் புடாபெஸ்டில் இன்னொருவர் 19.90 வினாடியில் நீந்தியிருக்கிறார். நான்கே மாதத்தில் எப்படி ஒரு வினாடிக்கு மேல் குறையும்?"

நான் வாயைத் திறப்பதற்குள் பின்வரிசையிலிருந்து பதில் வந்துவிட்டது. "அது சின்னக் குளம்லா. ஏமாத்து வேலை."

வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன். ஆனால், அந்த "ஏமாத்து" என்ற சொல்லை என்னால் ஏற்க முடியவில்லை. ஏன் என்று இந்த வாரம் உங்களிடம் சொல்கிறேன்.

முதலில் நடந்தது என்ன? 2024 டிசம்பர் 14ஆம் நாள். ஹங்கேரித் தலைநகர் புடாபெஸ்டில், டூனா அரங்கில், 25 மீட்டர் குளத்துக்கான உலக நீச்சல் போட்டி. ஆண்கள் 50 மீட்டர் ஃப்ரீஸ்டைல். கேமன் தீவுகளைச் சேர்ந்த 22 வயது ஜோர்டன் குரூக்ஸ் முதல் சுற்றிலேயே 20.08 வினாடியில் நீந்தி, அமெரிக்கரான கேலப் டிரெசல் அதே அரங்கில் 2020இல் வைத்த 20.16 என்ற உலகச் சாதனையை முறியடித்தார். அதே நாளில் அரையிறுதியில் 19.90. இந்தத் தூரத்தை 20 வினாடிக்குள் நீந்திய முதல் மனிதர் அவர்தான். மறுநாள் இறுதிப் போட்டியில் 20.19 எடுத்துத் தங்கம் வென்றார். வேடிக்கையைப் பாருங்கள், அவருடைய மிக வேகமான நீச்சலுக்குப் பதக்கமே இல்லை!

இதே குரூக்ஸ் பாரிஸ் ஒலிம்பிக்கிலும் இதே போட்டியின் இறுதிச் சுற்றில் நீந்தினார். அங்கே பதக்கம் கிடைக்கவில்லை. அவருடைய நேரமும் 21 வினாடியைத் தாண்டியது. மனிதர் அவரேதான், தூரமும் அதேதான். மாறியது குளத்தின் நீளம். ஒலிம்பிக் குளம் 50 மீட்டர், ஒரே நேர்க்கோடு. புடாபெஸ்டில் 25 மீட்டர் போய்ச் சுவரைத் தொட்டு, குட்டிக்கரணம் அடித்துத் திரும்ப வேண்டும்.

"திரும்பும்போது நின்றுவிடுகிறாரே, அப்படியானால் நேரம் கூடத்தானே வேண்டும்?" என்று நீங்கள் கேட்டால், அது நல்ல கேள்வி. ஒரு கணம் அவருடைய வேகம் சுழியம் ஆவது உண்மை. ஆனால் அதற்கு அடுத்த கணத்தைக் கவனியுங்கள். 80 கிலோகிராம் நிறையுள்ள ஒருவர் 0.3 வினாடி சுவரை உதைத்து, வினாடிக்கு 3 மீட்டர் வேகத்தில் புறப்படுகிறார் என்று வைத்துக்கொள்வோம். உந்தம் 240 அலகு மாறியிருக்கிறது. அதை 0.3ஆல் வகுத்தால் 800 நியூட்டன். ஏறக்குறைய அவருடைய எடைக்குச் சமமான விசை! கையால் தண்ணீரைப் பின்னே தள்ளி இவ்வளவு விசையைப் பெற முடியாது.

ஏன் முடியாது? இதற்கு நீச்சல் குளம் வேண்டாம், சக்கரம் வைத்த இரண்டு நாற்காலிகள் போதும். ஒன்றில் நீங்கள் உட்கார்ந்து சுவரைக் காலால் உதையுங்கள். வேகமாகப் பின்னால் உருளுவீர்கள். அடுத்து, உங்கள் எடையே உள்ள நண்பரை இன்னொரு நாற்காலியில் உட்கார வைத்து, அவருடைய நாற்காலியை அதே பலத்தோடு உதையுங்கள். இப்போது அவரும் உருளுவார், நீங்களும் உருளுவீர்கள். உங்கள் கால் கொடுத்த ஆற்றலில் பாதி அவருக்குப் போய்விட்டது. கணக்குப் போட்டால், சுவரை உதைத்தபோது கிடைத்த வேகத்தில் பத்தில் ஏழு பங்குதான் இப்போது உங்களுக்குக் கிடைக்கும். தண்ணீர் அந்த நண்பரைப் போன்றது. நீங்கள் தள்ளினால் அதுவும் நகரும், நகரும்போது உங்கள் ஆற்றலில் ஒரு பங்கை எடுத்துக்கொண்டு போகும். சுவரோ பூமியோடு கட்டப்பட்டது. அது எதையும் எடுத்துக்கொள்வதில்லை. (நாற்காலிகளை ஆசிரியர் அறையிலிருந்து எடுக்கும் முன் அனுமதி கேளுங்கள். நான் கேட்காமல் எடுத்து வாங்கிக் கட்டிக்கொண்டேன்.)

நியூட்டனின் மூன்றாம் விதியைப் படிவம் நான்கில் மனப்பாடம் செய்து எழுதிவிடுகிறோம். எதை உதைக்கிறோம் என்பதும் முக்கியம் என்று இந்த நாற்காலிகள்தான் எனக்கே தெளிவாகக் காட்டின.

சுவரின் உதவி உதையோடு முடிவதில்லை. உதைத்தவர் உடனே மேலே வருவதில்லை. கைகளை நீட்டி, உடலை ஈட்டிபோல் ஒடுக்கி, நீருக்கு அடியில் டால்ஃபின் உதை போட்டுப் போகிறார். நீரின் மேற்பரப்பில் நீந்தினால் அலை எழும், அந்த அலைக்கான ஆற்றலும் நீந்துபவரிடமிருந்தே போகும். வீட்டில் தண்ணீர்த் தொட்டி இருந்தால் சோதியுங்கள். உள்ளங்கையை மேற்பரப்பை ஒட்டி வேகமாக இழுங்கள், அலை எழும். முழங்கை வரை மூழ்கடித்து அடியில் இழுங்கள், மேலே தண்ணீர் அவ்வளவாக அசையாது. இந்த வசதியை அளவுக்கு மீறி யாரும் பயன்படுத்தக் கூடாது என்பதற்காகவே, தொடக்கத்திலும் ஒவ்வொரு திருப்பத்திலும் 15 மீட்டருக்குள் தலை நீருக்கு மேலே வந்துவிட வேண்டும் என்று விதி இருக்கிறது. அதன்படி 50 மீட்டர் குளத்தில் 15 மீட்டர்தான் அடியில் போகலாம். 25 மீட்டர் குளத்திலோ இரண்டு முறை, மொத்தம் 30 மீட்டர் வரை போகலாம். பாதிக்கு மேல்!

சரி, இது ஏமாற்று வேலையா? எட்டுப் பாதையில் நீந்துபவர்களுக்கும் அதே சுவர், அதே விதி. ஒலிம்பிக்கிலும் மேடையை உதைத்துத்தான் குதிக்கிறார்கள், அதை யாரும் ஏமாற்று என்பதில்லை. ஓட்டப்பந்தயத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே ஒவ்வோர் அடியும் சுவர் உதைதான், பூமியை உதைக்கிறோம். 50 மீட்டரை 19.90 வினாடியில் கடந்தால் மணிக்கு 9 கிலோமீட்டர்தான் வரும். நம் பள்ளிக் குறுக்கோட்டத்தில் நிதானமாக ஓடுபவர்கூட அந்த வேகத்தில் போய்விடுவார். அதற்காக அவரைக் குரூக்ஸைவிடச் சிறந்த வீரர் என்பீர்களா?

தவறு சுவரில் இல்லை, இரண்டு எண்களையும் ஒரே தாளில் பக்கத்துப் பக்கத்தில் எழுதியதில் இருக்கிறது. அதனால்தான் உலக நீச்சல் சம்மேளனம் 50 மீட்டர் குளத்துக்கு ஒன்று, 25 மீட்டர் குளத்துக்கு ஒன்று எனச் சாதனைகளைத் தனித்தனியாக வைத்திருக்கிறது. மூன்றாவதும் ஒன்று உண்டு. அமெரிக்கப் பல்கலைக்கழகப் போட்டிகள் 25 கெஜக் குளத்தில் நடக்கும். டென்னசி பல்கலைக்கழகத்துக்காக நீந்திய குரூக்ஸ் 2023இல் 50 கெஜத்தை 17.93 வினாடியில் முடித்தார். 50 கெஜம் என்பது 45.72 மீட்டர். அலகைப் பார்க்காமல் "50க்கு 17.93" என்று யாராவது பகிர்ந்தால் நம்பிவிடாதீர்கள். ஆய்வக அறிக்கையில் அலகு எழுத மறந்தவருக்கு நான் மதிப்பெண் குறைப்பதும் இதனால்தான்.

25 மீட்டர் குளம் என்றால் இளக்காரமாகப் பார்க்கும் பழக்கம் நமக்கும் இருக்கிறது. மாணவர்களுக்கு நீச்சல் சொல்லிக்கொடுக்கலாமே என்று ஒரு கூட்டத்தில் கேட்டேன். "நம்ம பக்கம் ஒலிம்பிக் குளம் எங்கே இருக்கு, டீச்சர்?" என்று பதில் வந்தது. கேமன் தீவுகளின் மக்கள்தொகை ஒரு லட்சத்தைத் தொடவில்லை. நம் கெடாவில் இருபது லட்சத்துக்கு மேல். குரூக்ஸ் தீவில் பழகியது 25 மீட்டர் குளத்தில்தான். அதிலிருந்து வந்தவர் 2022இல் மெல்பர்னில் இதே போட்டியில் தம் நாட்டுக்கு முதல் உலக நீச்சல் தங்கத்தை வாங்கித் தந்தார். சின்னக் குளம் மட்டுமே அவரை உருவாக்கியது என்று சொல்ல மாட்டேன். நல்ல பயிற்சியாளர்களும் அமெரிக்கக் கல்வியும் பின்னால் இருந்தன. ஆனால் தொடங்குவதற்கு 50 மீட்டர் தேவைப்படவில்லை.

நமக்குத் தங்கத்தைவிட அவசரமான காரணம் ஒன்று உண்டு. பீடோங், பாடாங் செராய், லூனாஸ் பக்கத்துத் தோட்டங்களில் வளர்ந்த பலர் நீச்சல் பழகியது மூடா ஆற்றிலும் வயல் வாய்க்காலிலும் மணல் தோண்டிய குட்டையிலும்தான். "எனக்கு நீந்தத் தெரியும்" என்று சொல்லும் மாணவர்களிடம், கால் எட்டாத இடத்தில் ஐந்து நிமிடம் மிதக்க முடியுமா என்று கேட்டால் பாதிப் பேர் தலையைக் குனிகிறார்கள். ஆற்றில் களைத்தால் உதைத்துப் புறப்பட அங்கே சுவர் கிடையாது. தண்ணீர் நகர்ந்துகொண்டே இருக்கும். முதலில் மிதக்கவும் மூச்சை நிதானப்படுத்தவும் கற்க, பன்னிரண்டு எட்டில் சுவர் வந்துவிடும் சின்னக் குளம்தான் பெரிய குளத்தைவிட ஏற்றது. பயந்தவர் கையை நீட்டினால் விளிம்பு கிடைக்கும். பள்ளி ஒன்றுக்குக் குளம் கட்டச் சொல்லவில்லை. இருக்கும் குளத்துக்கு வாரத்தில் ஒரு நாள் ஒரு பேருந்து விடச் சொல்கிறேன். இதைக் கேட்க வேண்டியவர்கள் பெற்றோர் ஆசிரியர் சங்கத்தில் இருக்கிறார்கள். உங்கள் அப்பா அம்மாவும் அதில் உறுப்பினர்கள்தான்.

குளத்துக்குப் போகும் வாய்ப்புக் கிடைத்தால், பயிற்சியாளர் பக்கத்தில் இருக்கும்போது மட்டும் இதைச் செய்து பாருங்கள். சுவரை ஒரே ஒரு முறை உதைத்து, கையையும் காலையும் அசைக்காமல் சறுக்கிப் போங்கள். எங்கே நின்றீர்கள் என்று நண்பர் கரையில் குறித்துக்கொள்ளட்டும். மேற்பரப்பில் மூன்று முறை, அரை மீட்டர் ஆழத்தில் மூன்று முறை. பிறகு குளத்தின் நடுவிலிருந்து, சுவரே இல்லாமல், ஒரே ஒரு கை வீச்சில் எவ்வளவு தூரம் போகிறீர்கள் என்றும் அளந்துகொள்ளுங்கள். அளந்த தூரத்தோடு குளத்தின் நீளத்தையும் ஆழத்தையும் அதே வரியில் எழுதிக்கொண்டு வாருங்கள்.