ஊருக்குள் ஷூட்டிங்!

ஷூட்டிங் பார்க்க ஆசைப்படாத கோவைக்காரி உண்டா? சிங்காநல்லூர் சென்ட்ரல் ஸ்டூடியோ, புலியகுளம் பட்சிராஜா ஸ்டூடியோ என்று படம் பிடித்த ஊராயிற்றே நமது! 1954-ல் வந்த 'மலைக்கள்ளன்' பட்சிராஜா தயாரிப்புதான். அதெல்லாம் நாலு சுவருக்குள். அப்புறம் காமிரா தெருவுக்கு வந்துவிட்டது. 1992-ல் வந்த 'தேவர் மகன்' பொள்ளாச்சிப் பக்கம் எடுத்ததுதான். ஊரில் நாலு பேருக்குக் கூலியும் கிடைக்கிறது, மறுக்கவில்லை.

ஆனால் ஒருமுறை சரவணம்பட்டியிலிருந்து பொள்ளாச்சிப் பக்கம் நாத்தனார் வீட்டுக்குப் போயிருந்தபோது பட்ட பாடு! ராத்திரி ஒன்பது மணி. ஜெனரேட்டர் வண்டி சரியாக அவள் ஜன்னலுக்கு நேரே. ஜன்னலைத் திறந்தால் டீசல் புகை, மூடினால் புழுக்கம். ஐந்து மாதக் குழந்தை வீறிட்டு அழுகிறது. தெருவுக்குக் குறுக்கே கயிறு வேறு. "ஏனுங்க, தண்ணி வர்ற நேரமுங்க" என்று குடத்தோடு நின்ற பக்கத்து வீட்டம்மாவை, "டேக் போகுது, சத்தம் போடாதீங்க!" என்று அதட்டினான் ஒரு பொடியன்.

நாத்தனாரின் மாமியார் பேத்தியைத் தோளில் போட்டுக்கொண்டு நேரே மானேஜரிடம் போனார். "ஏன் கண்ணு, உங்க படத்துல தாலாட்டு இருக்குமல்ல? இந்தக் கொழந்தை தூங்க வேண்டாமா?"

பத்தே நிமிடத்தில் வண்டி களத்துமேட்டுக்கு நகர்ந்தது, கயிறும் அவிழ்ந்தது. (வேடிக்கை பார்த்த ஆண்பிள்ளைகள் அதுவரை வாயே திறக்கவில்லை!)

உங்கள் தெருவுக்கு வந்தால், வண்டி எங்கே நிற்கும், எத்தனை மணி வரை, ஆம்புலன்ஸ் வர வழி இருக்குமா என்று முன்கூட்டியே கேட்டுவிடுங்கள்.

குழந்தை தூங்கியதும் நாங்களும் பார்க்கப் போனோம். பாவம், ஒரே வசனத்துக்குப் பதினோரு தடவை அழுதுகொண்டிருந்தாள் கதாநாயகி.