211 வாக்குகளுக்குப் பிறகு

மலேசியாவில் 18 வயதினர் வாக்குரிமை பெற்ற கதையைப் பலரும் 2019 ஜூலை 16-ம் தேதியோடு முடித்துவிடுகிறார்கள். அன்று அந்நாட்டு மக்களவையில் அரசமைப்புத் திருத்தத்துக்கு 222 உறுப்பினர்களில் 211 பேர் ஆதரவளித்தார்கள். எதிர்த்து ஒரு வாக்குகூட விழவில்லை. ஆனால், கியிரா யுஸ்ரி, தர்மா பிள்ளை என்ற இரண்டு இளைஞர்கள் செய்த வேலையின் அருமை, அந்த நாளுக்கு முன்பும் பின்பும் நடந்ததைப் பார்த்தால்தான் விளங்கும். சட்டப் புத்தகத்தில் ஏறிய உரிமை மக்களின் கைக்கு வந்து சேர இரண்டு ஆண்டுகளுக்கு மேல் ஆனது. அந்த இடைவெளியில் அவர்கள் அசந்திருந்தால் இன்னும் தாமதமாகியிருக்கும்.

2016-ல் அமெரிக்காவில் படித்துக்கொண்டிருந்த மலேசிய மாணவர்களிடையே உருவானது இவர்களுடைய ‘உண்டி 18’ இயக்கம். உண்டி என்றால் மலாய் மொழியில் வாக்கு. அப்போது மலேசியாவில் வாக்களிக்கும் வயது 21. வயது வந்தாலும் பெயர் தானாகப் பட்டியலில் ஏறாது. அடையாள அட்டையை எடுத்துக்கொண்டு அஞ்சலகத்துக்கோ தேர்தல் ஆணைய அலுவலகத்துக்கோ போய்ப் படிவம் நிரப்ப வேண்டும். காலாண்டுக்கு ஒருமுறை வெளியாகும் பட்டியலில் பெயர் வரும்வரை காத்திருக்க வேண்டும். இந்த அலைச்சலால் தகுதியிருந்தும் பட்டியலுக்கு வெளியே நின்றவர்கள் பல லட்சம் பேர்.

கையெழுத்து இயக்கம் நடத்துவதோடு இவர்கள் நின்றுவிடவில்லை. கட்சி பேதம் பார்க்காமல் நாடாளுமன்ற உறுப்பினர்களைத் தேடிப்போய்ப் பேசினார்கள். 2018-ல் ஆட்சி மாறியது. சையட் சாடிக் இளைஞர் துறை அமைச்சரானார். அவருக்கே அப்போது வயது 25. அரசமைப்பைத் திருத்த மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு, அதாவது 148 வாக்குகள் தேவை. ஆளும் கூட்டணியிடம் அத்தனை இடங்கள் இல்லை. வயதைக் குறைப்பது மட்டும் போதாது, 18 வயதானவுடன் பெயர் தானாகப் பட்டியலில் சேர வேண்டும், போட்டியிடும் வயதும் 18 ஆக வேண்டும் என்று எதிர்க்கட்சிகள் கேட்டன. அரசு முதல் மசோதாவைத் திரும்பப் பெற்று, மூன்றையும் சேர்த்துப் புதிதாகக் கொண்டுவந்தது. எதிரெதிர் அணியினர் இப்படி விட்டுக்கொடுத்ததில், கேட்டதைவிட அதிகமே கிடைத்தது. இந்தியாவில் வாக்களிக்கும் வயது 1989-லேயே 18 ஆகிவிட்டது. மக்களவைக்குப் போட்டியிடுவதற்கு மட்டும் இன்னும் 25 வயது வேண்டும். அந்த வகையில் மலேசியா நம்மை முந்திவிட்டது.

திருத்தம் நிறைவேறிய அடுத்த ஆண்டே ஆட்சி கவிழ்ந்து முகைதின் யாசின் பிரதமரானார். 2020 மே 18 அன்று கூடிய நாடாளுமன்றம், மாமன்னரின் உரையை மட்டும் கேட்டுவிட்டு, விவாதமே இல்லாமல் ஒரே நாளில் கலைந்தது. கொரோனா காரணம் சொல்லப்பட்டது. அதற்கு ‘உண்டி 18’-ம் தோழமை அமைப்புகளும் கொடுத்த பதில் என்னை மிகவும் கவர்ந்த ஒன்று. ஜூலை 4, 5 தேதிகளில் ‘டிஜிட்டல் நாடாளுமன்றம்’ நடத்தினார்கள். 222 தொகுதிகளுக்கும் ஒருவராக 222 இளைஞர்கள். அவரவர் வீட்டிலிருந்தே இணையவழியில் விவாதம். முதியவர்களால் கூட்ட முடியாத சபையை இளைஞர்கள் நடத்திக் காட்டினார்கள். ‘இவர்களுக்கு இன்னும் பக்குவம் வரவில்லை’ என்று சொல்லிக்கொண்டிருந்தவர்களுக்கு இதைவிட நேர்மையான மறுமொழி கிடையாது.

2021 மார்ச் 25 அன்று, 18 வயது வாக்குரிமை 2022 செப்டம்பர் 1-க்குப் பிறகுதான் நடைமுறைக்கு வரும் என்று தேர்தல் ஆணையம் அறிவித்தது. மீண்டும் கொரோனா கட்டுப்பாடுகள்தான் காரணம். இரண்டே நாளில் இளைஞர்கள் நாடாளுமன்றத்துக்கு அருகில் திரண்டார்கள். ஒருங்கிணைத்தவர்களைக் காவல் துறை விசாரணைக்கு அழைத்தது. ஏப்ரல் தொடக்கத்தில் 18 இளைஞர்கள் கோலாலம்பூர் உயர் நீதிமன்றத்தை நாடினார்கள். சரவாக் மாநிலத்தில் ஐந்து இளைஞர்கள் தனியே வழக்குத் தொடுத்தார்கள். செப்டம்பர் 3 அன்று அம்மாநிலத்தின் கூச்சிங் உயர் நீதிமன்றம், டிசம்பர் 31-க்குள் நடைமுறைப்படுத்த வேண்டும் என்று உத்தரவிட்டது. டிசம்பர் 15-ல் திருத்தம் உயிர்பெற்றது.

மூன்றே நாளில், டிசம்பர் 18-ல், சரவாக் மாநிலத் தேர்தல் நடந்தது. அதில் பழைய பட்டியல்தான். வழக்காடி வென்ற மண்ணிலேயே 18 வயதினரால் அந்தத் தேர்தலில் வாக்களிக்க முடியவில்லை. தாமதம் என்பது வெறும் நிர்வாகச் சிக்கல் அல்ல, உரிமைப் பறிப்பு என்பதற்கு இதைவிடச் சான்று தேவையில்லை.

2018-ல் ஏறத்தாழ 1.49 கோடியாக இருந்த வாக்காளர் எண்ணிக்கை, 2022 நவம்பர் 19 பொதுத் தேர்தலில் 2.11 கோடியைத் தாண்டியது. எந்த அணிக்கும் பெரும்பான்மை கிடைக்கவில்லை. இளைஞர் வாக்கைத் தள்ளிப்போட்ட முகைதினின் பெரிக்காத்தான் கூட்டணியே 73 இடங்களைப் பிடித்தது. டிக்டாக்கில் அந்தக் கூட்டணி செய்த பிரச்சாரத்துக்கு மலாய் இளைஞர்கள் செவிசாய்த்ததும் ஒரு காரணமாகச் சொல்லப்பட்டது. உடனே, ‘18 வயதில் வாக்கு கொடுத்ததே தவறு’ என்ற குரல் முற்போக்காளர்கள் பக்கமிருந்தே எழுந்தது. இதை நான் அடியோடு மறுக்கிறேன். யாருக்கு வாக்களிப்பார்கள் என்று பார்த்துக் கொடுப்பதற்குப் பெயர் சலுகை. நமக்குப் பிடிக்காத முடிவை எடுக்கவும் இடம் இருந்தால்தான் அது உரிமை. இளைஞர்கள் அந்தக் கூட்டணியின் மதவாத அரசியலின் பக்கம் சாய்கிறார்கள் என்று அஞ்சுகிறவர்கள், அவர்களோடு பேசி மனதை மாற்ற வேண்டும். பட்டியலிலிருந்து விலக்க நினைப்பது சரியல்ல.

அவர்களோடு பேசுவதற்கான இடமோ பல்கலைக்கழகத்தில் நெடுங்காலம் பூட்டிக் கிடந்தது. 1971-ல் வந்த பல்கலைக்கழகங்கள், பல்கலைக்கழகக் கல்லூரிகள் சட்டம், மாணவர்களைக் கட்சி அரசியலிலிருந்து விலக்கி வைத்தது. 2010-ல் உலு சிலாங்கூர் இடைத்தேர்தல் பிரச்சாரக் களத்துக்குப் போனதற்காக, மலேசியத் தேசியப் பல்கலைக்கழக மாணவர்கள் நால்வர்மீது ஒழுங்கு நடவடிக்கை பாய்ந்தது. நால்வரும் படித்தது அரசியல் அறிவியல்! அந்தத் தடைப் பிரிவு அரசமைப்புக்கு முரணானது என்று 2011 அக்டோபர் 31-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பின்னர் வந்த திருத்தங்கள் பிடியைத் தளர்த்தினவே தவிர, அந்தச் சட்டத்தை முழுமையாக நீக்கவில்லை.

1974-ல் பாலிங் வட்டார ரப்பர் விவசாயிகளின் வறுமைக்காக மாணவர்கள் வீதிக்கு வந்தபோது, முன்னணியில் நின்ற ஓர் இளைஞர் விசாரணையின்றிச் சிறைவைக்கப்பட்டார். அந்தப் போராட்டத்துக்குப் பிறகுதான் 1975-ல் இந்தச் சட்டம் மேலும் இறுக்கப்பட்டது. அந்த இளைஞரின் பெயர் அன்வார் இப்ராகிம். 2022 தேர்தலுக்குப் பிறகு அவரே பிரதமரானார். மாணவர் அரசியலுக்குப் போட்ட பூட்டின் கொடுமையை அவருக்கு யாரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. 1971-ம் ஆண்டுச் சட்டத்தை அவர் முற்றாக நீக்க வேண்டும்.