பெங்குவின் பரிசளித்த சீல்

ரப்பர் படகிலிருந்து அண்டார்டிகா கடலுக்குள் இறங்கும்போது பால் நிக்லெனின் கால்கள் நடுங்கின. வாய் உலர்ந்துபோயிருந்தது. கீழே காத்திருந்தது ஒரு பெண் சிறுத்தைச் சீல். மூன்று மீட்டருக்கும் அதிக நீளம். பெங்குவினைக் கவ்விக் கிழிக்கும் தாடை. 2003இல் அண்டார்டிகாவில் பிரிட்டிஷ் பெண் விஞ்ஞானி ஒருவரை நீருக்குள் இழுத்துச் சென்று பலிகொண்டது இதே இனம்தான்.

நேராக வந்த சீல், அகலத் திறந்த வாயைக் கேமராவின் மீது வைத்தது. நிக்லென் அசையவில்லை. சற்று நேரத்தில் அதன் போக்கே மாறியது. உயிருள்ள பெங்குவின் ஒன்றைப் பிடித்து வந்து அவர் முன் விட்டது. பறவை தப்பி ஓட, மீண்டும் பிடித்து வந்தது. இந்த ஆளுக்கு வேட்டையாடத் தெரியவில்லை என்று நினைத்ததோ என்னவோ, பிறகு களைத்துப்போன பெங்குவின்கள் வந்தன, கடைசியில் செத்தவை. இப்படியே நான்கு நாட்கள். நடுவில் இன்னொரு சீல் நிக்லெனின் முதுகுப்பக்கம் நெருங்க, அதைத் துரத்திவிட்டு அதன் பெங்குவினையும் கொண்டுவந்து நீட்டியது. 2006 நவம்பரில் நேஷனல் ஜியாகிரபிக் இதழ் இந்தப் படங்களை வெளியிட்டது.

கனடாவின் பாஃபின் தீவில், தொலைக்காட்சி இல்லாத வீட்டில், இன்யூட் மக்களிடையே வளர்ந்தவர் நிக்லென். கடல் உயிரியல் படித்துவிட்டு அரசுப் பணியில் சேர்ந்து, பனிக்கரடிகளையும் பழுப்புக் கரடிகளையும் ஆராய்ந்தார். உயிரினங்கள் எல்லாம் வெறும் புள்ளிவிவரங்களாகச் சுருங்குவது பிடிக்காமல் 26 வயதில் வேலையை உதறினார். எண்களால் ஆகாததைப் படம் செய்யும் என்ற நம்பிக்கை.

செய்யவும் செய்தது. ஆனால் படம் என்ன சொல்கிறது என்பது வேறு கேள்வி. அந்தச் சீல் அவருக்கு உணவு ஊட்டியது என்பது நிக்லெனின் விளக்கம். விளையாட்டாகவும் இருக்கலாம், மிரட்டலாகவும் இருக்கலாம். உயிரியலாளராகவே இருந்திருந்தால் அவரே இவ்வளவு உறுதியாகச் சொல்லியிருப்பாரா என்பது சந்தேகம்தான்.

இந்தச் சிக்கல் 2017இல் பெரிதாக வெடித்தது. கனடாவின் சோமர்செட் தீவில், எலும்பும் தோலுமாகத் தள்ளாடிய ஒரு பனிக்கரடியை நிக்லென் வீடியோ எடுத்தார். பருவநிலை மாற்றம் இப்படித்தான் இருக்கும் என்ற வாசகத்துடன் நேஷனல் ஜியாகிரபிக் அதை வெளியிட, உலகமே பார்த்துக் கலங்கியது. ஒரு கரடியை வைத்து அப்படிச் சொல்ல முடியாது என்று விஞ்ஞானிகள் ஆட்சேபித்தனர். 2018இல் பத்திரிகையே, தான் எல்லை மீறிவிட்டதாக ஒப்புக்கொண்டது. உடன் சென்றிருந்த புகைப்படக்காரர் கிறிஸ்டினா மிட்டர்மையர் பின்னர் எழுதிய கட்டுரையில் ஒளிக்கவில்லை: அந்தக் கரடி நோயாளியாகவோ காயம்பட்டதாகவோ இருந்திருக்கலாம், அது ஏன் பட்டினி கிடந்தது என்று யாராலும் சொல்ல முடியாது.