நண்டு அரக்கன் யோசித்து மாறுவதில்லை

‘ஃபீனிக்ஸ் பாயிண்ட்’ என்ற கணினி விளையாட்டை உங்களில் சிலர் ஆடியிருப்பீர்கள். சதுரங்கம்போல முறை வைத்து ஆடும் போர் விளையாட்டு. ஜூலியன் கோலோப்பின் குழு 2019இல் வெளியிட்டது. உருகும் உறைநிலத்திலிருந்து கிளம்பும் பண்டோராவைரஸ், மனிதர்களை நண்டுக் கை முளைத்த அரக்கர்களாக்கிவிடுகிறது.

வைரஸின் பெயர் கற்பனையல்ல. 2013இல் பிரெஞ்சு விஞ்ஞானிகள் சிலி கடலோரத்திலும் ஆஸ்திரேலியக் குளம் ஒன்றிலும் கண்டெடுத்த உண்மையான வைரஸ் அது. நீளம் ஏறக்குறைய ஒரு மைக்ரோமீட்டர். சைபீரிய உறைநிலத்தில் 48,500 ஆண்டுகள் கிடந்த ஒன்றையும் பின்னர் உயிர்ப்பித்தார்கள். பயம் வேண்டாம், அது தொற்றுவது அமீபாவை!

என் வழக்கு வேறு. நீங்கள் ஒரே தந்திரத்தால் வென்றுகொண்டிருந்தால், அதை முறியடிக்கும் உடலோடு எதிரிகள் அடுத்தடுத்த போர்களில் வருவார்கள் என்பதே இவ்விளையாட்டின் பெருமை. இதில் பாதி சரி. போக்கிமோனைப்போல ஓர் உயிர் கண்ணெதிரே உருமாறுவதில்லை, மாறுவது கூட்டம். மறுபாதி தவறு. எதிரி உங்கள் தந்திரத்துக்குப் பதிலாகவே பிறழ்வை உண்டாக்கிக்கொள்கிறான். இயற்கையில் பிறழ்வு முன்பே, குருட்டாம்போக்கில் நடந்துவிடும். எது பிழைக்கும் என்பதைத்தான் சூழல் முடிவுசெய்யும்.

1943இல் லூரியாவும் டெல்புரூக்கும் இதைச் சோதித்தார்கள். பல குழாய்களில் தனித்தனியே பாக்டீரியா வளர்த்து, பிறகு அவற்றைக் கொல்லும் வைரஸோடு சேர்த்தார்கள். வைரஸைக் கண்டபிறகுதான் எதிர்ப்பாற்றல் பிறக்கிறது என்றால், எல்லாக் குழாய்களிலும் ஏறத்தாழ ஒரே அளவில்தான் பிழைத்திருக்க வேண்டும். நடந்ததோ வேறு: பல குழாய்களில் ஒன்றுமில்லை, சிலவற்றில் நூற்றுக்கும் மேல். அங்கெல்லாம் பிறழ்வு முன்கூட்டியே நிகழ்ந்து, பெருகியும் இருந்தது.

தேர்வுத் தாளில் “பாக்டீரியா மருந்துக்குப் பழகிவிடும்” என்று எழுதுகிறவர்கள் இந்த நண்டுகளின் சீடர்கள். பாக்டீரியா அப்படி மருந்துக்குப் பழகுவதில்லை. மருந்து மற்றவற்றைக் கொல்ல, ஏற்கெனவே தப்பிக்கும் பிறழ்வோடு இருந்த சில மட்டும் பெருகுகின்றன. சளிக்காய்ச்சல் வைரஸால் வருவது. அதற்கும் ஆன்டிபயாட்டிக் கேட்டு வாங்கினால், அந்தச் சிலவற்றுக்கு நாமே இடம் ஒதுக்கித் தருகிறோம்.

விளையாட்டு வடிவமைப்பாளர்களிடம் ஒரு வேண்டுகோள்: பத்து நண்டுகள் வந்தால் ஏழு எதற்கும் உதவாத கைகளோடு வரட்டும், ஒன்று தன் கேடயத்தைத் தூக்கமுடியாமல் விழட்டும். சிரிப்பும் வரும், எது தப்பிக்கும் என்று ஊகிக்கவும் முடியாது.