எண்ணப்படாத மக்களும் முற்றுகையும்

கிளென்ஃபீல்ட், ஓக்லாந்து:

2023 மார்ச் 7 ஆம் திகதி நியூசிலாந்தில் குடிசன மதிப்பீடு நடைபெற்றது. கிளென்ஃபீல்டில் நாம் வசிக்கும் வீட்டில் அன்றிரவு தங்கியிருந்த விருந்தினரும் அக்கணக்கில் சேர்க்கப்பட்டார். ஒருவரையும் விட்டுவிடலாகாது என்று ஓர் அரசு காட்டிய இந்த அக்கறை, முற்றுகைக்குள் எண்ணப்படாது போன எமது மக்களை நினைவூட்டியது.

1990 ஜூனில் போர் மீண்டும் மூண்டபின் யாழ்ப்பாணம் இருளில் மூழ்கியது. மண்ணெண்ணெய், சவர்க்காரம், மின்கலம் முதலியன தடைக்கும் கட்டுப்பாட்டுக்கும் உள்ளாகின. சைக்கிள் டைனமோவைச் சுழற்றி மக்கள் வானொலி கேட்டனர்; போத்தல் விளக்கொளியில் பிள்ளைகள் படித்தனர்; கிளாலிக் கடலேரியை இரவில் படகேறிக் கடந்தனர். அன்றைய முற்றுகை பொருட்பட்டியலால் நடத்தப்பட்டது. 2009 இல் வன்னியில் அது தலைக்கணக்கினாலும் நடத்தப்பட்டது.

அவ்வாண்டு பெப்ரவரியில் புதுக்குடியிருப்பு மருத்துவமனை எறிகணைக்கு இலக்காகி, நோயாளர் புதுமாத்தளனுக்கு மாற்றப்பட்டனர். முற்றுகைக்குள் இருப்போர் ஏறத்தாழ 70,000 பேரே என அரசாங்கம் கூறியது. களத்திலிருந்த மாவட்ட அதிகாரிகளோ மூன்று இலட்சத்துக்கும் மேல் என்றனர். இறுதியில் முகாம்களுக்கு வந்து சேர்ந்தோர் சுமார் 290,000 பேர். 70,000 பேருக்கான அரிசியையும் மருந்தையும் நான்கு மடங்கு மக்கள் பங்கிட்டால் எஞ்சுவது என்ன? முள்ளிவாய்க்காலில் பலருக்கு உப்புக் கஞ்சியே உணவாயிற்று. ஒவ்வொரு மே மாதமும் நாம் பகிரும் கஞ்சி அதன் நினைவேயாகும்.

மக்கள்தொகை வேண்டுமென்றே குறைத்துக் கூறப்பட்டது என ஐ.நா. நிபுணர் குழு 2011 இல் அறிக்கையிட்டது. வெளியேற முயன்ற மக்களைப் புலிகள் தடுத்தனர் என்பதையும் அதே அறிக்கை பதிவு செய்தது. இரண்டையும் மறைக்காது பேசுவது எமது கடமை.

2008 ஒக்டோபரில் கச்சேரிக் கணக்கின்படி வன்னியில் 429,059 பேர் இருந்தனர். அரச கட்டுப்பாட்டுப் பகுதிக்கு வந்தோர் 282,380 பேர். எஞ்சிய 146,679 பேருக்கு என்ன நேர்ந்தது என 2011 ஜனவரியில் மன்னார் ஆயர் இராயப்பு ஜோசப் கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழுவிடம் வினவினார். 2021 இல் ஆயர் மறைந்தார், வினா மறையவில்லை.

உயிரோடிருக்கையில் எண்ணப்படாதவர் இறந்தபின்னும் எண்ணப்படுவதில்லை. ஆகவே, புலம்பெயர்ந்த ஒவ்வொரு குடும்பமும் தான் இழந்தோரின் பெயர், வயது, ஊர், இறுதியாகக் கண்ட இடம், நாள் ஆகியவற்றை எழுதி வைக்க வேண்டும். சாட்சிகள் முதுமையடைந்து வருகின்றனர். காலம் தாழ்த்த இனி எமக்கு உரிமையில்லை.