மிலிசியானாக்கள் மீது சுமத்தப்பட்ட பழி

ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் குடியரசின் பக்கம் துப்பாக்கி ஏந்திய பெண்களை 'மிலிசியானா' என்பார்கள். அவர்களைப் பற்றி இரண்டு கதைகள் நிலைத்துவிட்டன: சுவரொட்டிக்கும் புகைப்படத்துக்கும் நின்றவர்கள் என்பது ஒன்று, படையில் பால்வினை நோயைப் பரப்பினார்கள், அதனால்தான் 1936 முடிவதற்குள் திருப்பி அனுப்பப்பட்டார்கள் என்பது மற்றொன்று. சண்டையே போடாத ஒரு சிலர், படை முழுவதையும் நோயில் தள்ளினார்களாம். இரண்டும் ஒருசேர எப்படி உண்மையாக இருக்க முடியும் என்று யாரும் கேட்பதில்லை.

படத்துக்கு நின்றவர்கள் உண்டு. பார்சிலோனாவில் ஹோட்டல் கொலோன் மொட்டைமாடியில் தோளில் துப்பாக்கியுடன் நிற்கும் மரினா ஜினெஸ்டாவின் புகழ்பெற்ற படம் அப்படித்தான் எடுக்கப்பட்டது. துப்பாக்கியைப் படம் முடிந்ததும் திருப்பிக் கொடுத்துவிட்டார். ஆனால் அவர் வயதே ஆன ரொசாரியோ சான்செஸ் மோரா, மாட்ரிட்டுக்கு வடக்கே மலைப் போர்முனையில் கையெறிகுண்டு வெடித்து வலது கையை இழந்தார். குணமானதும் வீட்டுக்குப் போகாமல் படையின் தபால் வேலைக்கு வந்தார். லினா ஒதேனா கிரனாடா முனையில் எதிரியிடம் பிடிபடாமலிருக்கத் தன்னையே சுட்டுக்கொண்டார். அர்ஜென்டினாவில் பிறந்த மிகா எட்செபெஹெரே, கணவர் போரில் இறந்த பிறகு, சிகுவென்ஸா தேவாலய முற்றுகையிலிருந்து தப்பி, மாட்ரிட் முனையில் கேப்டனாக ஆண்களை நடத்தினார். போர்முனையில் நின்ற பெண்கள் ஏறத்தாழ ஆயிரம் பேர் என்பது ஒரு வரலாற்று மதிப்பீடு. எண்ணிக்கை சிறியதுதான், அதனாலேயே நோய்க் கதை இன்னும் பலவீனமாகிறது. விடுப்பில் வந்த சிப்பாய்கள் போன விபசார விடுதிகள் போர்முனைக்குப் பின்னாலிருந்த நகரங்களில் இருந்தன. அவற்றைக் குடியரசு மூடவில்லை. பெண்கள் முனையைவிட்டுப் போன பிறகும் நோய் எச்சரிக்கைச் சுவரொட்டிகள் அச்சாகிக்கொண்டுதான் இருந்தன.

குடிப்படைகளை முறையான ராணுவமாக மாற்றும்போது பயிற்சி இல்லாதவர்களை விலக்கத்தானே வேண்டும் என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஆனால் போர் தொடங்கிய ஜூலையில் தெருவிலிருந்து நேராக முனைக்குப் போன ஆண்களுக்கும் பயிற்சி இல்லை. அவர்களுக்குப் பயிற்சி கொடுத்தார்கள், பெண்களை அனுப்பிவிட்டார்கள். ஆலைகளுக்கு ஆள் தேவைப்பட்டது என்பதும் உண்மையே. ஆனால் ஆயிரம் பேரை முனையிலிருந்து இழுத்துத் தீர்கிற பஞ்சமா அது? முனைக்குப் பின்னால் லட்சக்கணக்கான பெண்கள் இருந்தார்கள். பல படைப்பிரிவுகளில் பெண்ணிடம் எதிர்பார்த்தது சமையலும் துணி துவைப்பதும்தான். மிகாவின் பிரிவில் ஆண்களும் அந்த வேலைகளைப் பங்கிட்டுக்கொண்டதால், வேறு பிரிவுப் பெண்கள் அங்கே வந்து சேர்ந்தார்கள். ராணுவம் முறைப்படுத்தப்பட்டபோது அந்தப் பழைய எதிர்பார்ப்பே விதியானது.

டொலோரெஸ் இபாருரி போன்ற பெண் தலைவர்களே 'ஆண்கள் போர்முனைக்கு, பெண்கள் வேலைக்கு' என்ற முழக்கத்தை ஏற்றார்களே என்பது கடைசி ஆட்சேபம். ஏற்றார்கள். போரில் வெல்ல நேசக் கட்சிகளின் ஒற்றுமை வேண்டும், அதற்குக் குடும்ப ஒழுங்கைக் கலைப்பதாகத் தோன்றக் கூடாது என்ற அரசியல் கணக்கு அதில் இருந்தது. அந்தக் கணக்கு சரியா தவறா என்று வாதிடலாம். ஆனால் அது முனையில் நின்றவர்கள் எப்படிப் போரிட்டார்கள் என்பதற்குச் சாட்சி ஆகாது. திரும்பும்படி சொன்ன பிறகும் சிலர் திரும்பவில்லை. மிகா 1937-லும் முனையில்தான் இருந்தார்.