நாராவில் ஒரு பகல்

ஊர் பார்ப்பதில் இரண்டு விதம் உண்டு. ஒன்று, ஊரைப் பார்ப்பது. மற்றொன்று, பார்த்ததாகப் பெயர் பண்ணுவது. இரண்டாவது வித்தையில் நம்மவர்கள் கைதேர்ந்தவர்கள் என்று சொன்னால் நேயர்கள் கோபித்துக்கொள்ள மாட்டார்கள் என்று நம்புகிறேன். காலையில் ஒரு பெரிய பஸ்ஸில் நாற்பது பேர் ஏறுவார்கள். கொடி பிடித்த ஒருவர் முன்னால் ஓட, நாற்பது பேரும் பின்னால் ஓடுவார்கள். கோயில் வாசலில் பதினைந்து நிமிஷம் அவகாசம். அதில் பத்து நிமிஷம் போட்டோ பிடித்துக்கொள்ளப் போய்விடும். மிச்சம் ஐந்து நிமிஷம் காணாமற்போன மாமாவைத் தேடச் சரியாயிருக்கும். சாயங்காலம் விடுதிக்குத் திரும்பியதும், "இன்றைக்கு எந்தக் கோயிலுக்குப் போனோம்?" என்று ஒருவரை ஒருவர் கேட்டுக்கொள்வார்கள்.

ஜப்பான் தேசத்துக்குப் போய்வரும் பிரயாணிகளில் பலர் நாரா என்னும் புராதன நகரத்தை இந்த விதமாகத்தான் "பார்க்கிறார்கள்". கியோட்டோவிலிருந்து விரைவு ரயிலில் சுமார் முப்பத்தைந்து நிமிஷம். இறங்கியதும் மானுக்கு ஒரு பிஸ்கோத்து, புத்தருக்கு ஒரு கும்பிடு, உடனே அடுத்த ரயில். அந்த ஊருக்கு ஒரு முழுப் பகலையும், அந்தப் பகலுக்கு நமக்கென்று மட்டும் ஒரு வழிகாட்டியையும் ஒதுக்கவேண்டும் என்பதே இந்த வாரம் நான் சொல்ல வந்த விஷயம்.

வழிகாட்டி என்றதும் நமக்குச் சற்றுப் பயம் தோன்றுவது இயற்கைதான். ஆனால் ஜப்பானியர் அந்தத் தொழிலுக்கு 1949-ம் வருஷத்திலேயே ஒரு சட்டம் செய்தார்கள். பரீட்சையில் தேறி அனுமதி பெற்றவர்கள் மட்டுமே ஊதியம் வாங்கிக்கொண்டு அந்நிய பாஷையில் வழிகாட்டலாம் என்று அதில் விதித்தார்கள். 2018-ம் வருஷம் ஜனவரி முதல் அந்தக் கட்டுப்பாடு தளர்ந்துவிட்டது. இப்போது பரீட்சை தேறாதவர்களும் இந்தத் தொழிலைச் செய்யலாம். ஆயினும் பரீட்சையும் பட்டமும் இன்னும் இருக்கின்றன. ஆகையால் அமர்த்துவதற்கு முன்னால் விசாரித்துக்கொள்வது நல்லது. பெரும்பாலும் நாளுக்கு இவ்வளவு என்று பேசிக்கொள்வார்களாதலால், நாலு பேருள்ள குடும்பத்துக்கு அது பெரும் பாரமாகாது. வழிச் செலவும் சாப்பாடும் கொடுத்தால் போதுமென்று வரும் தொண்டர்களும் உண்டு.

எனக்கு வாய்த்த வழிகாட்டி அறுபது வயதைக் கடந்த ஓர் அம்மாள். பள்ளிக்கூடத்தில் உபாத்தியாயினியாக இருந்து ஓய்வு பெற்றவர். அவர் முதலில் செய்த காரியம், என் ஜாபிதாவில் இருந்த ஒன்பது இடங்களில் ஆறை அடித்ததுதான்.

"ஒன்பது இடம் போனால் ஒன்பது வாசல்களைப் பார்க்கலாம். மூன்று இடம் போனால் உள்ளே போகலாம்" என்றார். உபாத்தியாயினியிடம் வாதாட முடியுமா? சரி என்று புறப்பட்டேன்.

நாரா நகரம் கி.பி. 710 முதல் 784 வரை ஜப்பானின் தலைநகரமாயிருந்தது. அந்தக் காலத்துச் சக்கரவர்த்திகளில் ஷோமு என்பவர் ஒருவர். 735 முதல் 737 வரை பெரிய அம்மை நோய் தேசம் முழுவதும் பரவி, எண்ணற்ற ஜனங்களை வாரிக்கொண்டு போயிற்று. மனம் நொந்த ஷோமு, 743-ல் ஒரு பிரம்மாண்டமான புத்த விக்கிரகம் வார்க்கக் கட்டளையிட்டார். அந்தக் கட்டளையில் ஒரு விசேஷம் உண்டு. ஒரு புல்லோ ஒரு பிடி மண்ணோ கொண்டுவந்து உதவ விரும்பும் ஏழையாயிருந்தாலும் தடுக்கக்கூடாது என்று அதில் கண்டிருந்தது. க்யோகி என்ற துறவி ஊர் ஊராகச் சென்று அந்தத் திருப்பணிக்கு ஜனங்களைத் திரட்டினார். அப்படி எழுந்ததுதான் தோதாய்ஜி என்னும் கோயிலின் மகா புத்தர். உட்கார்ந்த திருக்கோலத்திலேயே உயரம் சுமார் 15 மீட்டர்.

மான்கள் தலைகுனிந்து வணங்கி யாசகம் கேட்கும் பாதையைத் தாண்டி, பெரிய தெற்கு வாசலில் நின்றோம். இந்த வாசல் 1199-ல் கட்டியது. இரு பக்கமும் 8 மீட்டருக்கு மேற்பட்ட உயரமுள்ள மரத் துவாரபாலகர்கள் நிற்கிறார்கள். உன்கெய், காய்கெய் முதலிய சிற்பிகள் 1203-ல் ஏறக்குறைய எழுபது நாட்களில் அவர்களைச் செய்து நிறுத்தினார்கள். பிறகு உள்ளே போனோம். விக்கிரகத்தைப் பார்த்ததும், "ஆயிரத்து இருநூறு வருஷத்துக்கு மேற்பட்ட விக்கிரகம் அல்லவா?" என்று கேட்டேன்.

அம்மாள் ஒரு நிமிஷம் யோசித்துவிட்டு, "எந்தப் பாகத்தைக் கேட்கிறீர்கள்?" என்றார்.

பிறகு ஒவ்வொன்றாகக் காட்டினார். பீடத்துத் தாமரை இதழ்களில் சில எட்டாம் நூற்றாண்டைச் சேர்ந்தவை. உடலில் பெரும் பாகம் பிற்காலத்தது. கைகள் பதினாறாம் நூற்றாண்டு. தலை பதினேழாம் நூற்றாண்டு. கோயில் இரண்டு தடவை யுத்தத்தில் எரிந்திருக்கிறது. 1180-ல் தாய்ரா வம்சத்துச் சேனை வைத்த தீயில் முதல் தடவை எரிந்தபோது, சோகென் என்ற துறவி தமது அறுபத்தோராவது வயதில் திருப்பணிக்குப் பொறுப்பேற்று, வண்டியில் ஊர் ஊராகச் சென்று யாசித்து அதை மறுபடியும் எழுப்பினார். 1567-ல் மறுபடியும் எரிந்தது. அதன் பின்னர் நெடுங்காலம் புத்தர் வெயிலிலும் மழையிலும் திறந்த வெளியில் உட்கார்ந்திருந்தார். இளம் பிராயத்தில் அந்தக் காட்சியைக் கண்டு உருகிய கோகெய் என்பவர், 1684-ல் பிக்ஷைப் பாத்திரத்தை எடுத்தார். 1692-ல் விக்கிரகம் செப்பமாயிற்று. மண்டபம் முடிந்தது 1709-ல். கோகெய் அதைப் பார்க்கவில்லை. 1705-லேயே காலமாகிவிட்டார். பணமும் பெரிய மரமும் போதாமையால், ஆதியில் 86 மீட்டர் அகலமாயிருந்த மண்டபம் 57 மீட்டராகக் குறுகியது. அப்படியிருந்தும் அண்ணாந்து பார்த்தால் கழுத்து வலிக்கிறது!

இவ்வளவையும் பலகையிலே எழுதிவைத்திருப்பார்களே, அதற்கு ஒரு வழிகாட்டி எதற்கு என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் அந்த அம்மாள் அடுத்தபடி சொன்னதை நான் எந்தப் பலகையிலும் பார்த்திருக்க முடியாது.

விக்கிரகம் செய்து முடித்துக் கண் திறக்கும் சடங்கு நம்மவர்களுக்குப் புதிதல்ல. மகா புத்தருக்கு அந்தச் சடங்கு 752-ம் வருஷம் நடந்தது. ஷோமு அப்போது பட்டத்தைத் துறந்திருந்தார்; தேக அசௌக்கியமும் இருந்தது. அவருக்குப் பதிலாகத் தூரிகையைக் கையில் எடுத்துப் புத்தரின் கண்களைத் தீட்டியவர் போதிசேனர். தென்னிந்தியாவிலிருந்து சீனத்துக்குப் போய், அங்கிருந்து 736-ல் ஜப்பானுக்கு வந்த துறவி அவர். வரவேற்றவர் அதே க்யோகி. நாராவில் தைஆன்ஜி என்னும் மடத்தில் தங்கிப் போதித்து, 760-ல் அங்கேயே காலமானார். ஜப்பானியர் அவருக்கு இட்ட பெயர் "பிராமண ஆசாரியர்" என்று பொருள்படும். அவருடன் வந்த சம்பா தேசத்துத் துறவி ஒருவர் கற்பித்த ஆடல் பாடல்கள் ஜப்பானின் அரண்மனைச் சங்கீதத்தில் இன்றும் வழங்குகின்றன என்பது மரபு.

போதிசேனர் பிடித்த தூரிகையில் ஒரு நீண்ட பட்டுக் கயிற்றைக் கட்டியிருந்தார்கள். நீலச் சாயம் தோய்த்த கயிறு. நீளம் ஏறக்குறைய 200 மீட்டர். கூடியிருந்தவர்கள் அதைப் பிடித்துக்கொண்டார்கள். தூரிகை அசைந்தபோது கயிறும் அசைந்தது. கயிற்றைத் தொட்ட அத்தனை பேரும் புத்தருக்குக் கண் திறந்தவர்கள் ஆனார்கள்.

"அந்தக் கயிறு இருக்கிறது, தூரிகையும் இருக்கிறது" என்று அம்மாள் மண்டபத்தின் வடமேற்குப் பக்கமாகக் கையைக் காட்டினார். அங்கே ஷோசோயின் என்னும் மரத்தாலான பண்டசாலை இருக்கிறது. ஷோமு காலமான பின், 756-ல் அவருடைய பட்ட மகிஷி அவர் உடைமைகளை மகா புத்தருக்குக் காணிக்கையாக்கினாள். அவையும் கோயில் பொருள்களுமாக ஆயிரக்கணக்கான பண்டங்களை ஆயிரத்து இருநூறு வருஷத்துக்கு மேலாகக் காப்பாற்றி வருகிறார்கள். இப்போது பக்கத்தில் கட்டிய புதிய கட்டிடங்களில் வைத்திருக்கிறார்கள். அவற்றில் சிலவற்றை மட்டும் பொறுக்கியெடுத்து வருஷா வருஷம் இலையுதிர் காலத்தில் நாரா மியூசியத்தில் காட்டுகிறார்கள். முதல் தடவை எரிந்த விக்கிரகத்தைச் செப்பனிட்டு 1185-ல் மறுபடியும் கண் திறந்தபோது, துறவு பூண்ட சக்கரவர்த்தி கோ-ஷிரகாவா போதிசேனரின் அதே தூரிகையைத்தான் எடுத்துவரச் செய்து தம் கையால் தீட்டினார்.

"பள்ளிக்கூடப் பிள்ளைகளை அழைத்து வரும்போது இதைச் சொல்வேன்" என்றார் அம்மாள். "அவருடைய சொந்த ஊர் எது என்று கேட்பார்கள். தென்னிந்தியா என்பதற்கு மேல் எனக்குச் சொல்லத் தெரியாது. உங்கள் நாட்டுப் பள்ளிக்கூடங்களில் அவரைப் பற்றிச் சொல்லிக்கொடுக்கிறார்களா, ஐயா?"

நான் படித்த பாடப் புஸ்தகங்களில் அவர் பெயர் இருக்கவில்லை என்று சொன்னேன்.

"அதனால் என்ன? தூரிகை எங்களிடம் பத்திரமாக இருக்கிறது" என்றார்.

என்னைச் சமாதானப்படுத்தத்தான் சொன்னார். ஆனால் அதைவிட உறைக்கும்படியாக யாரும் சொல்ல முடியாது. நம் தேசத்தார் ஒருவர் கடல் கடந்து போய் ஜப்பானியரின் புத்தருக்குக் கண் திறந்தார் என்று நாம் மார்தட்டிக்கொள்வது மிகவும் சுலபம். அவர் பெயரை எழுதி வைத்தவர்கள் யார்? அவர் தொட்ட தூரிகையைப் பொத்தி வைத்தவர்கள் யார்? பெருமையில் பங்கு கேட்பதற்கு முன்னால், பாதுகாப்பில் நம் பங்கு என்ன என்று கேட்டுக்கொள்வதுதான் முறை.

இப்படிச் சொல்வதால் ஜப்பானியர் எல்லாரும் பிறவியிலேயே பழம்பொருள் காவலர்கள் என்று நேயர்கள் எண்ணிவிட வேண்டாம். 1868-ல் மெய்ஜி ஆட்சி ஏற்பட்டு, ஷிண்டோ வேறு, பௌத்தம் வேறு என்று சர்க்கார் பிரித்தபோது, பௌத்தக் கோயில்கள் பல அழிந்தன. நாராவில் மான்கள் மேயும் அழகான பூங்காவின் ஒரு பகுதி, கோஃபுகுஜி என்னும் பெரிய கோயில் சீர்குலைந்து, மதில் இடிந்து, நிலம் பறிபோனதால் கிடைத்ததுதான். அந்தக் கோயிலின் ஐந்தடுக்குக் கோபுரமே விலைக்கு வந்தது என்று சொல்வார்கள். பிறகுதான் விழித்துக்கொண்டு, 1897-ல் பழைய கோயில்களைக் காக்கச் சட்டம் செய்தார்கள்.

பிற்பகலில் ஹோர்யூஜிக்குப் போனோம். நாராவிலிருந்து ரயிலில் பன்னிரண்டு நிமிஷம். பிறகு கொஞ்சம் நடை. உலகத்தில் இன்று நிற்கும் மரக் கட்டிடங்களில் மிகப் பழமையானவை இங்கே இருக்கின்றன. 607-ல் தோன்றிய கோயில் 670-ல் எரிந்துபோக, மறுபடியும் கட்டினார்கள். பொன் மண்டபத்தின் சுவர்களில் புத்தர்களும் போதிசத்துவர்களும் நிறைந்த பன்னிரண்டு பெரிய சித்திரங்கள் இருந்தன. அஜந்தாவின் சாயலை அவற்றில் கண்டு வியந்தவர்கள் அநேகர். அழிந்துவிடப் போகிறதே என்று சைத்திரிகர்களை வைத்து அவற்றைப் பிரதி எழுதிக்கொண்டிருந்த காலத்தில், 1949-ம் வருஷம் ஜனவரி 26-ந் தேதி விடியற்காலையில் மண்டபத்துக்குள் தீப்பற்றியது. காப்பாற்றச் செய்த வேலையின் நடுவிலேயே சித்திரங்கள் கருகிப்போயின!

தேசமே துக்கப்பட்டது. துக்கத்தோடு நிற்கவில்லை. அடுத்த வருஷமே, 1950-ல், கலைச் செல்வங்களைக் காக்கும் புதிய சட்டம் பிறந்தது. 1955 முதல் ஜனவரி 26-ந் தேதியைப் பழம்பொருள்களைத் தீயிலிருந்து காக்கும் தினமாக அனுஷ்டிக்கிறார்கள். அன்றைக்குக் கோயில்களில் தண்ணீர்க் குழாய்களைத் திறந்து தீயணைப்புப் பயிற்சி செய்கிறார்கள். 1935-ல் எடுத்திருந்த போட்டோக்களின் துணையால் சைத்திரிகர்கள் அந்தச் சித்திரங்களைப் புதிதாக எழுதி 1968-ல் மண்டபத்தில் வைத்தார்கள். கருகிய அசல் சுவர்களையும் எறிந்துவிடவில்லை. தனிக் கட்டிடத்தில் பத்திரப்படுத்தியிருக்கிறார்கள். வெட்கத்தையுங்கூடப் பாதுகாக்கத் தெரிந்த ஜனங்கள்!

காலையில் அம்மாள், "எந்தப் பாகத்தைக் கேட்கிறீர்கள்?" என்று கேட்டதன் அர்த்தம் அங்கேதான் முழுவதும் விளங்கிற்று. எரியாத பொருள் உலகத்தில் இல்லை. எரிந்தபின் பிக்ஷைப் பாத்திரத்தை எடுப்பவர் இருக்கிறாரா, அதில் ஒரு பிடி அரிசி போடுகிறவர் இருக்கிறாரா என்பதே கேள்வி. அந்த நீலப் பட்டுக் கயிற்றின் ஒரு நுனியைப் போதிசேனர் பிடித்தார். சோகெனும் கோகெய்யும், பெயர் தெரியாத லட்சம் பேரும் அதைத் தொடர்ந்து பிடித்துவந்தார்கள். பரீட்சை எழுதித் தேறி, வந்தவர்களுக்கெல்லாம் அலுக்காமல் கதை சொல்லும் அந்த அம்மாளும் பிடித்துக்கொண்டுதான் இருக்கிறார்.

ஜப்பானுக்குப் போகும் நேயர்கள் நாராவுக்கு ஒரு பகலைத் தாராளமாகக் கொடுக்கவேண்டும். கூடிய வரையில் இலையுதிர் காலத்தில் போங்கள். இடங்களைக் குறைத்துக்கொள்ளுங்கள். ஒரு நல்ல வழிகாட்டியை அமர்த்திக்கொண்டு, நிறையக் கேள்வி கேளுங்கள். ஆனால் புறப்படுவதற்கு முன்னால் வீட்டிலேயே செய்யவேண்டிய காரியம் ஒன்று உண்டு. போதிசேனர் என்ற பெயரைக் குழந்தைகளுக்குச் சொல்லிவிடுங்கள். பிரயாணம் போகாதவர்களும் சொல்லலாம். அதற்கு டிக்கெட்டு வேண்டாம்.